ஆளுக்கு ரெண்டே முக்கால்

பிப்ரவரி இருபத்தொன்பது, வியாழன், காலை ஆறேகால்.
பரேலில் கண்ணாடிக் கட்டடத்தின் பின்வாசல்.
விரல் வைக்கும் எந்திரம் தவறு என்றது.
ரேணுகா துடைத்துவிட்டு வைத்தாள். தவறு.
நூர்பானு எச்சில் தொட்டு வைத்தாள். தவறு.
பினாயில் தின்ற ரேகைகள் என்றுதான் முதலில் நினைத்தேன்.
அதன் வயிற்றில்
அப்படி ஒரு தேதியே இல்லை.

பன்னிரண்டு பெண்கள். தினக்கூலி ஐநூற்று எழுபது.
"மெஷினில் விழாத நாளுக்கு
நான் எப்படிக் காசு தருவது, சுடலை?"
போனில் காண்டிராக்டர் குல்கர்னி.
மாடியில் மாதச் சம்பளக்காரர்கள்
இன்று கம்பெனிக்கு ஓசி உழைப்பு என்று
காபி மெஷினைச் சுற்றிச் சிரித்துக்கொண்டிருந்தார்கள்.
தாராவியில் என் வீட்டுக்காரர்கூட
அன்று ஒரு நாள் எனக்கு ஓசியில் இடம் தந்தார்.
அவருக்கு அது தெரியாது. நானும் சொல்லவில்லை.

சார், என்றேன்,
பூமி ஒரு சுற்றை முழு நாளில் முடிப்பதில்லை.
முன்னூற்று அறுபத்தைந்துக்கு மேல்
ஐந்து மணி நாற்பத்தெட்டு நிமிஷம், கொசுறாய்ச் சில நொடி.
அந்தச் சில்லறையை யாரும் கையில் தருவதில்லை.
கண்டக்டர் டிக்கெட்டின் முதுகில் எழுதித் தருகிற மாதிரி
நாலு வருஷம் எழுதி வைத்து
இறங்கும்போது முழு நாளாய்த் தருகிறான்.
இவர்கள் இன்று இறங்கி நிற்கிறார்கள்.

"சரியாத்தான் தர்றானா?"

இல்லை. வருஷத்துக்குப் பதினோரு நிமிஷம்
கூடுதலாய்த் தந்துவிடுகிறான்.
அதனால் நூறாம் வருஷம் கையை மடக்கிக்கொள்வான்,
நானூறாம் வருஷம் மனசு கேட்காமல் நீட்டுவான்.
இரண்டாயிரத்து நூறில் இந்தத் தேதி கிடையாது.
அன்றைக்குப் பிடித்துக்கொள்ளுங்கள்.

போனில் கொஞ்ச நேரம் ஃபேன் சத்தம்.
"பழைய மஸ்டர் ரோலில் எழுது."
நீல மை. பன்னிரண்டு கட்டைவிரல்.

*

என் மாமியார் வத்சலாபாயின் சந்திரன்
பதினோரு நாள் முன்னாலேயே வருஷத்தை முடித்துவிடும்.
அது சேர்ந்து சேர்ந்து ஒரு மாதமானதும்
பஞ்சாங்கம் அப்படியே இறக்கி வைக்கும்: அதிக மாசம்.
கல்யாணம் கூடாது, புதுவீடு கூடாது,
மாப்பிள்ளைக்குப் பலகாரம் மட்டும் ஆகும்.
நானும் வைஷாலியும்
பாந்த்ரா ரிஜிஸ்டரார் முன்னால் கையெழுத்துப் போட்டது
அப்படியொரு மாசத்தில்.
ஆபீஸ் சுவரில் அது வெறும் ஜூலை.

மூன்று அதிக மாசம் தட்டு வரவில்லை.
நாலாவதில் வந்தது. வைகாசி வெயிலில்,
பித்தளைத் தட்டு, விளக்கு, முப்பத்து மூன்று அனார்சா:
நம் அதிரசத்தின் கூடப்பிறந்தது, முதுகில் கசகசா.
ஏன் முப்பத்து மூன்று?
தேவர்கள் எண்ணிக்கை என்றாள்.
ஓர் அதிக மாசத்துக்கும் அடுத்ததுக்கும்
ஏறக்குறைய அத்தனை மாசம் என்றேன்.
"உங்கள் ஆட்களிடம் இது உண்டா?"
எங்கள் மாசம் சூரியன் பின்னால் நடக்கும்,
ஆனி முப்பத்திரண்டு வரை இழுக்கும்,
மார்கழி இருபத்தொன்பதில் முடியும்,
கடன் வைக்காது என்று நெஞ்சை நிமிர்த்தினேன்.
வருஷத்துக்கு இருபது நிமிஷம் நாங்களும் வழுக்குகிறோம்,
எழுபது வருஷத்தில் பொங்கல் ஒரு நாள் தள்ளி நிற்கும்
என்பதை மட்டும் விழுங்கிவிட்டேன்.

எனக்குச் சர்க்கரை இருநூற்றுப் பத்து.
மறுநாள் டப்பாவோடு பின்வாசலுக்குப் போனேன்.
ஆளுக்கு ரெண்டு. மீதி ஒன்பது.
யாரும் ஒன்றும் பேசவில்லை.
ரேணுகா பிளேடை எடுத்து
ஒன்பதையும் நாலு நாலாய்க் கீறினாள்.
ஆளுக்கு மூன்று கால்.

டப்பாவின் அடியில் கசகசா கிடந்தது.
நூர்பானு விரலை ஈரமாக்கி
ஒற்றி ஒற்றி வாயில் போட்டுக்கொண்டாள்.
"இது எந்தக் கணக்கில் வரும், பாய்?"
அதே விரலை எந்திரத்தில் வைத்தாள்.
தவறு என்றது.
புடவையில் துடைத்துக்கொண்டு
மறுபடி வைத்தாள்.